செஞ்சிகாட்டு டொக்டரும் எங்கள் ஸ்கிப்பரும்

முதலில் என் மடைத்தனத்தைச் சொல்லிவிடுகிறேன். அதற்குப் பிறகு மற்றவர்களுடையதைச் சொல்ல எனக்குக் கொஞ்சம் துணிவு வரும்.

நான் ஒரு நாயிடம் மன்னிப்புக் கேட்டவன். போகிற போக்கில் முதுகைத் தட்டிக் கேட்ட மன்னிப்பல்ல. களிசானை முழங்கால்வரை சுருட்டி, சீமெந்துத் தரையில் முழந்தாளிட்டு, ஒரு கையில் பட்டர் பூசிய பாண் துண்டும் மற்றக் கை நெஞ்சிலுமாக, "டேய் ஸ்கிப்பர், நான் கலியாணம் முடிச்சது பிழைதான்டா, மன்னிச்சுக்கொள்ளடா" என்று குரல் தழுதழுக்கக் கேட்டேன். கட்டிலுக்கு அடியில் கிடந்த ஸ்கிப்பர் உறுமியது. பாணை மட்டும் இழுத்துக்கொண்டது. எனக்குப் பின்னால் யாரோ தொண்டையைச் செருமினார்கள். திரும்பிப் பார்த்தேன். நான் முடித்த கலியாணம் இடுப்பில் கைவைத்து நின்றுகொண்டிருந்தது.

"கலியாணம் முடிச்சது பிழையோ?" என்றாள் ரீட்டா.

"அது நாய்க்கு விளங்குற மாதிரிச் சொன்னது..."

"என்னட்ட ஒரு நாளாவது இப்பிடி முட்டுக்கால்ல நிண்டு மன்னிப்புக் கேட்டிருக்கிறீங்களா?"

அன்று சாப்பாட்டுக்கு எனக்கும் பாண்தான். பட்டர் கிடையாது.

நாய் கடிக்கத் தொடங்கினால் மிருக வைத்தியரிடம் கொண்டுபோக வேண்டியதுதானே, முழந்தாளிடுவானேன் என்று கேட்பீர்கள். மிருக வைத்தியர் இருந்தார். நல்ல கெட்டிக்காரர். அவர் யாரென்று எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தபடியால்தான் முழந்தாளிட்டேன்.

அவருக்கு ஊர் வைத்த பெயர் செஞ்சிகாட்டு டொக்டர். கற்பிட்டியில் இருந்து பாலாவிச் சந்திவரைக்கும் ஆடு, மாடு, நாய், பூனை வளர்த்தவர்களில் அவர் முன்னால் நாலு காலில் நிற்காதவர் ஒருவரும் இல்லை. பள்ளிக்கூட அதிபர்மார் நின்றிருக்கிறார்கள். படகுச் சம்மாட்டிமார் நின்றிருக்கிறார்கள். பிரதேச சபைத் தேர்தலில் தோற்ற ஒருவர் தன் கடா ஆட்டுக்காக நின்றபோது, அவருடைய கடைசிப் பிரசாரக் கூட்டத்தைவிட அன்றைக்கு ஆட்கள் அதிகம் என்று பேசிக்கொண்டார்கள்.

யுத்தம் முடிந்து, சோதனைச் சாவடிகள் ஒவ்வொன்றாகக் கழன்று, கற்பிட்டி வீதி கார்ப்பட் வீதியாகி, வெள்ளைக்காரர்கள் டொல்பின் பார்க்க வரத்தொடங்கியிருந்த காலம் அது. டொக்டர் மன்னார்ப் பக்கம் பிறந்தவர். தொண்ணூறில் வடக்கு முஸ்லிம்கள் எல்லாரோடும் சேர்த்து வெளியேற்றப்பட்டு, புத்தளத்து அகதி முகாமில் வளர்ந்து படித்தவர். நெருக்கியடித்த கொட்டில்களுக்குள் தன் குரல் கேட்கவேண்டும் என்று சின்ன வயதில் கத்தப் பழகியவர், பிறகு அதை நிறுத்தவேயில்லை. பெயர்ப் பலகையில் அவருடைய பெயர் இருந்தது. அதன்மேல் யாரோ விசர்நாய்த் தடுப்பூசி அறிவித்தல் ஒன்றை ஒட்டியிருந்தார்கள். அவரும் அதைக் கிழிக்கவில்லை. ஆகவே அவருடைய பெயர் எங்களுக்குத் தெரியாது.

அவர் வேலைபார்த்த கந்தோருக்குப் பின்னால் தகரக் கூரை போட்ட கொட்டகை. நடுவில் சீமெந்துத் தரை, இரண்டு பக்கமும் ஆட்கள் இருக்க வாங்குகள். மிருகத்தோடு வந்தவர்கள் ஒரு பக்கம். மிருகம் இல்லாமல் சும்மா பார்க்க வந்தவர்கள் மறுபக்கம். வாசலில் ஒருவர் கச்சான் கடலை விற்றுக்கொண்டிருப்பார்.

டொக்டரின் வாதம் இதுதான். நாங்கள் ஒருவரும் மிருகம் என்ன செய்கிறது என்று சொல்வதில்லை. ஏன் செய்கிறது என்றுதான் சொல்கிறோம். மாட்டுக்குத் திமிர் என்போம். பூனைக்கு வஞ்சம் என்போம். நாய்க்குப் பொறாமை என்போம். இப்படி யாராவது வாயைத் திறந்தால் அவருக்கு மூக்கு நுனி சிவக்கும்.

"திமிர் புடிச்சிட்டுது டொக்டர்."

"எங்க? திமிர் எந்த எடத்துல ஈக்குது? தொட்டுக் காட்டுங்க."

"இல்ல டொக்டர், மனுசரக் கண்டா முட்ட வருது..."

"எப்பிடி வருது? இங்க வந்தா எல்லாம் பள்ளிக்கூடத்துக்குப் புதுசா வந்த புள்ள மாதிரி கைய கட்டிக்கிட்டு நிக்கிது. ஊட்டுல செய்யிறத நான் எப்பிடிக் காணுற? செஞ்சி காட்டுங்க!"

செஞ்சி காட்டாமல் அங்கே மருந்து கிடையாது.

ஒருநாள் பள்ளிக்கூட அதிபர் அம்மா ஒருவர் கூடையில் பூனையோடு வந்தார். அன்று நான் கச்சான் பக்கத்து வாங்கில் இருந்தேன். எனக்கு அங்கே ஒரு வேலையும் இல்லை.

"வஞ்சம் தீர்க்குது டொக்டர்" என்றார் அதிபர் அம்மா. "நான் இன்னொரு குட்டி கொண்டுவந்து வளர்க்கிற கோவம். அலுமாரியில மடிச்சு வைச்ச சாரியில ஏறி மூத்திரம் பெய்யுது."

"எப்பிடிக் குந்துது? செஞ்சி காட்டுங்க டீச்சர்."

"நான் ஒரு அதிபர்."

"பூனைக்கு அது தெரியாதே."

அதிபர் அம்மா குடையைப் பக்கத்தில் இருந்தவரிடம் கொடுத்தார். குந்தினார். நேரே பார்த்தபடி கொஞ்ச நேரம் இருந்தார். எழுந்தார். நகர்ந்துபோய் மறுபடி குந்தி முகத்தைச் சுளித்தார். மறுபடி எழுந்தார். அவரிடம் அடிவாங்கிப் படித்தவர்கள் அந்தக் கொட்டகையில் பலர். ஒருவரும் மூச்சுவிடவில்லை. நான் மட்டும் கச்சான் புரையேறி இருமினேன்.

டொக்டர் கதிரையில் இருந்து துள்ளி எழும்பினார்.

"குந்துது, எழும்புது, திரும்பக் குந்துது. வருமா வருமாண்டு பாக்குது. வருதா?"

"சொட்டுச் சொட்டாத்தான்..."

"வஞ்சமா இது? மூத்திரம் அடைச்சீக்குது டீச்சர்! மண்ணுல குந்தினா எரியிது. எரியாத எடம் எங்கண்டு தேடித் தேடி மெத்துன எடத்துக்கு, ஒங்கட சாரிக்கு வந்தீக்குது. இன்னம் கொஞ்சம் சொணங்கியிருந்தா மவுத்தாப் போயீக்கும். கொண்டாங்க கூடைய!"

பூனை பிழைத்தது. அதிபர் அம்மா அதன்பிறகு என்னை வீதியில் கண்டால் குடையைத் தாழ்த்திக்கொண்டு போவார்.

நுரைச்சோலையில், அனல்மின் நிலையத்து ஒப்பந்தக்காரர் ஒருவரின் ஸ்டோரில் நான் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். அங்கே எங்கள் சுப்பர்வைசருடைய கிழட்டு நாய், பொழுதுபட்டால் வீட்டு ஆட்களைப் பார்த்தே குரைக்கத் தொடங்கியது. பேய் பார்க்கிறது என்று முடிவுகட்டி, டொக்டரிடம் நேரே போகப் பயந்து, சுப்பர்வைசர் போனில் பிடித்தார். போன் என்றால் தப்பலாம் என்று நினைப்பு.

"நாய் நிக்கிற எடத்துல போய் நில்லுங்க" என்றது போன்.

"நிண்டிட்டன் டொக்டர்."

"லைட்ட நிப்பாட்டுங்க. வாசல்ல ஆரும் வாறாங்களா?"

"தெரியல்ல டொக்டர், ஒரே இருட்டு. ஆரோ வாறமாதிரி இருக்கு. ஆரது? டேய், ஆரடா அது?"

"ம்ம். நீங்களும் கொரைக்கிறீங்க. நாயிட கண்ணுல படலம் விழுந்தீக்கும், நாளைக்குக் கொண்டாங்க."

தேத்தண்ணிக் கடையில்கூட அவருக்கு முன்னால் யாரும் இடுப்பு வலி என்று வாய்திறக்க மாட்டார்கள். திறந்தால் நடந்து காட்டவேண்டும்.

இப்போது விளங்கும், ஸ்கிப்பரை நான் ஏன் அங்கே கொண்டுபோகவில்லை என்று. அதிபர் அம்மாவைப் பார்த்து இருமிய அதே கொட்டகையில் நான் நாயாக நிற்பதா? அதைவிட வீட்டுக்குள் கதவைச் சாத்திக்கொண்டு நாயிடம் மன்னிப்புக் கேட்பது எவ்வளவோ கௌரவம்.

ஸ்கிப்பர் என்னோடு வந்த நாய். எங்கள் கரையில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளை பெண் வீட்டோடு போய் இருப்பது வழக்கம். ஒரு சூட்கேசும் ஒரு நாயுமாக ரீட்டா வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தேன். ஆயியும் அப்பாவும் இல்லாதவன் நான். அந்த வீட்டில் என் பக்கத்து ஆள் என்று சொல்ல இருந்தது அந்த நாய் ஒன்றுதான்.

ரீட்டாவின் அப்பா, என் மாமா, படகுகள் வைத்திருந்த சம்மாட்டி. சத்தம் போட்டுச் சிரிக்காதவர். தினமும் பொழுதுபட வீட்டில் செபமாலை சொல்லி முடிந்ததும், எங்கள் வீடுகளின் வழக்கப்படி சின்னவர்கள் வரிசையாய்ப் போய் அவரிடம் ஆசீர்வாதம் வாங்குவோம். பாய்மரம் சரிந்த மாதிரி அவருடைய வலக்கை வந்து தலையில் விழும். ரீட்டா, நான், எனக்குப் பின்னால் ஸ்கிப்பர். நாய்க்கும் ஆசீர்வாதம் உண்டு. அதில் மாமா பேதம் பார்ப்பதில்லை.

ஒருநாள் அந்தக் கை இறங்கியபோது ஸ்கிப்பர் அதைக் கவ்விவிட்டது.

மாமா அன்றே ஆஸ்பத்திரிக்குப் போய் ஊசி போட்டுக்கொண்டார். ஸ்கிப்பருக்கும் தடுப்பூசி தவறாமல் போட்டிருந்தது. ஆகவே விசர் இல்லை. விசர் இல்லாவிட்டால் பிசாசு. இரண்டுக்கும் நடுவில் மூன்றாவதாக ஒன்று இருக்கலாம் என்று எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

சாட்சியங்களும் வரிசையாய் வந்தன. கோயில் ஒலிபெருக்கியில் பாட்டுத் தொடங்கினால் ஸ்கிப்பர் ஊளையிட்டபடி கட்டிலுக்கு அடியில் போய்விடும். தீர்த்தம் தெளித்தால் அலறும். ஆசீர்வாதக் கையைக் கடித்தாயிற்று. இதற்குமேல் என்ன வேண்டும்?

நான் பிசாசுக் கட்சி இல்லை. படித்தவன். ஸ்டோரில் என்னோடு வேலை செய்த கூட்டாளி ஒருவன், போனில் வருவதையெல்லாம் நம்புகிறவன், "நாய்க்கு மனசு உடைஞ்சிட்டுது மச்சான். ஒன்ட அன்பு ரெண்டாப் பிரிஞ்சிட்டுதில்லியா" என்றான். அதைக் கேட்டுத்தான் முழந்தாளிட்டது. அது பலிக்காமல்போக, "கடல் தண்ணி கோவத்தக் கொறைக்கும்" என்றான். ஞாயிறு தவறாமல் ஸ்கிப்பரைக் கடலுக்கு இழுத்துப்போய் முக்கி முக்கி எடுத்தேன். கோபம் குறையவில்லை. என்னைத் தூரத்தில் கண்டாலே உறுமத் தொடங்கியது.

ஒருநாள் செபமாலை முடிந்ததும் மாமா எழும்பாமல் இருந்தார்.

"மருமகன், வாற ஞாயிறு பூசை முடிய நம்மட மீன் லொறி வண்ணாத்திவில்லுப் பக்கம் போகுது."

"ஓம் மாமா."

"நாயும் போகுது."

வண்ணாத்திவில்லுக்கு அப்பால் காடு. அங்கே இறக்கிவிட்ட நாய் எதுவும் திரும்பி வந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை.

குசினிக்குள் இருந்து ரீட்டா வந்தாள். "அப்பா, ஒருக்கா டொக்டரிட்டக் காட்டிட்டுப் பேந்து அனுப்பலாம்தானே?"

"டொக்டர் பிசாசுக்கு மருந்து குடுப்பாரோ?"

"பிசாசு இல்லையெண்டு அவர் வாயால சொன்னா?"

மாமா யோசித்தார். "சொன்னாப் பாப்பம். ஆனா நானும் வருவன். இவர் தனியப் போனா டொக்டரச் சரிக்கட்டிப்போடுவார்."

செஞ்சிகாட்டு டொக்டரை நான் சரிக்கட்டுவதாம்! அப்படியொரு திறமை எனக்கு இருப்பதாக மாமா நம்பியது அந்த ஒரு தடவைதான்.

கொட்டகைக்குள் போனோம். கச்சான் பக்கத்து வாங்கு நிரம்பியிருந்தது. அதில் என்னைத் தெரியாதவர் ஒருவரும் இல்லை. வாயைக் கயிற்றால் கட்டிய ஸ்கிப்பர், கோயிலில் முதல் நன்மை வாங்கப் போகிற பிள்ளைபோலப் பவ்வியமாய் இருந்தது. அதைப் பார்க்க எனக்கே அறையவேண்டும்போல் இருந்தது.

"ஆரு நாய்?" என்றார் டொக்டர்.

"இதுதான் டொக்டர்" என்று ஸ்கிப்பரைக் காட்டினேன்.

"அதக் கேக்கல்ல. ஒங்க ரெண்டு பேர்ல ஆரு நாய்?"

"மருமகன்" என்றார் மாமா. யோசிக்கவேயில்லை.

நாலு காலில் இறங்கினேன். ஒன்றை இங்கே சொல்லவேண்டும். எங்கள் கோயில் கூத்தில் ராசா வேடம் கட்டியவன் நான். சபையைக் கண்டால் என்னால் சும்மா இருக்க முடியாது. மாமா ஆசீர்வாதக் கையை நீட்டினார். நான் கண்ணை உருட்டினேன். தலையைச் சிலிர்த்தேன். வயிற்றுக்குள் இருந்து ஒரு உறுமலைக் கிளப்பி, நெஞ்சில் உருட்டி, தொண்டையில் வெடிக்கவைத்து, பாய்ந்து அவருடைய சட்டைக் கையைக் கவ்வினேன். வாங்குகள் கைதட்டின. ஸ்கிப்பர் பயந்து பின்வாங்கியது.

டொக்டர் நெற்றியைப் பிடித்துக்கொண்டார்.

"தம்பி, நீங்க கூத்து ஆடுறயா?"

"ஓம் டொக்டர். ராசா வேசம்."

"தெரியிது. நாய்க்கு இவ்வளவு கோவம் வராது. நாய் என்ன செய்யிதெண்டு கேட்டா நீங்க கோவத்தச் செஞ்சி காட்டுறீங்க. திரும்பச் செய்யிங்க."

இரண்டாவது முறை வேறுவிதமாகச் செய்தேன். தலையைத் தொங்கப்போட்டு, பெருமூச்சு விட்டு, தரையைப் பார்த்து முனகினேன்.

"இது என்னது?"

"மனசு உடைஞ்ச நாய்."

"அடுத்த ஆள் வாங்க!"

அடுத்த ஆள் வந்தால் எங்கள் கதை முடிந்தது; ஞாயிறு லொறி. "டொக்டர், டொக்டர், இன்னும் ஒரே ஒருக்கா" என்று நாலு காலிலேயே அவருடைய மேசைப்பக்கம் ஓடினேன். எதை எப்படிச் செய்கிறோம் என்று தெரியாமல் குரைத்தேன், சொறிந்தேன், சுற்றினேன். டொக்டர் கையை வீசி வாசலைக் காட்டினார்.

"அப்பிடியில்ல மருமகன்!"

மாமாவின் குரல். கடலில் வலை பிழையாய் விழுந்தால் வருகிற குரல்.

"தலை நேரா நிக்காது எண்டு தெரியாதா? ஒரு பக்கம் சரிஞ்சி நிக்கும். இந்தப் பக்கமில்ல, இடப்பக்கம்! இடப்பக்கமெண்டா எது எண்டும் தெரியாது. தள்ளும் அங்கால!"

நான் தள்ளினேன். மாமா வெள்ளைச் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு, இரண்டு உள்ளங்கைகளையும் சீமெந்தில் ஊன்றி, நாலு காலில் இறங்கினார்.

கொட்டகையில் பாதிப்பேர் அவருடைய படகில் போகிறவர்கள். ஒருவரும் கைதட்டவில்லை. கச்சான் உடைக்கிற சத்தமும் நின்றது.

"இப்பக் கையக் கொண்டாரும். நான் வைக்கிற மாதிரி, பெலத்தா."

என் மாமனாரின் தலைக்குமேல் என் வலக்கையைக் கொண்டுபோனேன். கடித்தால் யாரிடம் முறையிடுவது என்று மனதில் ஓர் ஓரமாய் ஓடியது. கை இறங்க முன்னமே மாமா இடக்கண்ணை இறுக்கிமூடி, தலையை இழுத்துக்கொண்டார்.

"பாத்தீங்களா டொக்டர், கை படமுந்தியே இப்பிடித்தான். பொறகு பின்னங்காலத் தூக்கி..." மாமா காலைத் தூக்கினார், அது அந்த உயரத்துக்கு எட்டவில்லை, பாதியில் நின்றது. "...இந்தக் காதடியச் சொறியப் பாக்கும். சொறிஞ்சாக் கத்தும். எழும்பித் தலைய இப்பிடி உதறும். கோயில்ல மைக் போட்டா இந்தக் காத நிலத்தோட அமத்திக்கொண்டு படுக்கும். தீர்த்தம் ஊத்தக்க, தண்ணி இந்தக் காதுக்க போனாத்தான்..."

மாமா நிறுத்தினார். நாலு காலில் நின்றபடியே டொக்டரை நிமிர்ந்து பார்த்தார்.

"டொக்டர். இது காதா?"

டொக்டர் அன்றைக்கு முதல்முறையாக மெதுவாய், மாமாவை அண்ணன் முறைவைத்துக் கதைத்தார். "இப்பத்தான் நான் நாயக் கண்டீக்கிற. எழும்புங்க நானா."

மயக்க ஊசி போட்டார். டோர்ச்சை அடித்து, நீண்ட சாமணத்தைக் காதுக்குள் விட்டார். சீழும் இரத்தமுமாய் அவர் இழுத்தெடுத்தது, எங்கள் கடற்கரை மணலில் முள்ளுப் பந்துபோல உருண்டு திரிகிற இராவணன் மீசைப் புல்லின் ஒரு முள். ஊசிபோல நீளம். அதைப் பார்த்து வாங்கில் இருந்தவர்கள் தங்கள் தங்கள் காதைப் பொத்திக்கொண்டார்கள்.

"நாயக் கடற்கரைக்குக் கொண்டுபோற ஆரு?"

கொட்டகை முழுவதும் என்னைப் பார்த்தது.

"கோவம் கொறையுமெண்டு... கடல்ல முக்கி எடுத்தன் டொக்டர்."

"புண்ணுக் காதுக்குள்ள உப்புத் தண்ணி! கொறஞ்சிச்சா?"

"கூடிச்சு."

"தீர்த்தம் ஊத்தின ஆரு?"

"நான்தான்" என்றார் மாமா. "தெளிச்சாக் காணாதெண்டு செம்போட ஊத்தினன்."

"ரெண்டு பேரும் சேந்து செஞ்ச வேலைக்கு அது ஒரே ஒரு கையத்தான் கடிச்சீக்குது. நானெண்டா ஊட்ட விட்டே ஓடியீப்பன்."

மாமாவுக்கு ஒரு கேள்வி மிச்சம் இருந்தது. சாரத்து மண்ணைத் தட்டியபடி மெல்லக் கேட்டார். "அப்ப... பிசாசு?"

டொக்டர் சாமணத்தை அவருடைய மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோனார். "மணந்து பாருங்க."

மாமா மணந்து பார்த்தார். அதற்குமேல் அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை லொறி மீனோடு மட்டும் போனது. ஆனால் என் தொல்லை தீரவில்லை. துளிமருந்து விட்டுக் காது ஆறி, சொறிவதும் ஊளையும் நின்ற பிறகும், தலைக்குமேல் கையைக் கொண்டுபோனால் ஸ்கிப்பர் பல்லைக் காட்டியது. டொக்டரிடம் ஓடினேன்.

"காது சுகம் டொக்டர். கோவம்தான் இன்னும்..."

"என்னது?"

"இல்ல, இல்ல. கையக் கண்டா உறுமுது."

"ஒங்களுக்குப் பல்லு வலிச்சி டொக்டரிட்டப் போனா, வலி நிண்ட பொறகு அவரத் தெருவுல கண்டாச் சிரிப்பீங்களா? நோவு போயிட்டுது எண்டு அதுக்கு ஆரு சொல்ற? நீங்கதான் சொல்லணும். மேலால கைய கொண்டுபோக வேணாம். பக்கத்துல இருங்க. அதுவா வரட்டும். வந்தாத் தாடைக்குக் கீழால தொடுங்க. அவசரப்பட வேணாம். நீங்க அவசரப்படுவீங்க. வேற ஆரயாவது செய்யச் சொல்லுங்க."

நான் யாரையும் செய்யச் சொல்லவில்லை. அவசரப்பட்டேன். என் விரலிலும் ஒரு பல் பதிந்தது. நானும் போய் ஊசி போட்டுக்கொண்டேன்.

அதன்பிறகு ஒருநாள் வேலை முடிந்து வழக்கத்தைவிட நேரத்தோடு வீட்டுக்கு வந்தேன். பின்பக்கம், வலை காயப்போடும் மணலில் மாமா சப்பணம்கட்டி இருந்தார். பக்கத்தில் ஒரு தட்டில் அவித்த சூரைமீன். கொஞ்சம் தள்ளி ஸ்கிப்பர். மாமா அதைப் பார்க்கவில்லை, கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு துண்டை எடுத்துத் தூரத்தில் வைப்பார். ஸ்கிப்பர் தின்னும். அடுத்ததைக் கொஞ்சம் கிட்ட வைப்பார். அப்படியே கிட்டக் கிட்ட வந்து, கடைசித் துண்டு அவருடைய மடிக்குப் பக்கத்தில். ஸ்கிப்பர் அதைத் தின்றுவிட்டுப் போகாமல் நின்றது. மாமா புறங்கையை அதன் தாடைக்குக் கீழே கொண்டுபோனார். நாய் தாடையை அதில் வைத்துவிட்டுக் கண்ணை மூடியது.

என்னைக் கண்டதும் மாமா தட்டைத் தள்ளினார். "ரீட்டாதான் குடுக்கச் சொன்னவ" என்றார்.

ரீட்டாவிடம் கேட்டேன். அவளுக்கு ஒன்றும் தெரியாது. கறிக்கு வைத்த சூரை நாலைந்து நாளாய்க் குறைகிறது, என்னைத்தான் சந்தேகப்பட்டாளாம்.

பிறகு ஸ்கிப்பர் மாமாவுடையதாகிப்போனது. என் பக்கத்து ஆளும் அவர் பக்கம் போய்விட்டது என்று ரீட்டாவிடம் முறையிட்டேன். அவள் சிரித்தாள்.

டொக்டருக்கு மட்டக்களப்புப் பக்கம் இடமாற்றம் வந்தது. கடைசி நாள் என்று கேள்விப்பட்டு நானும் மாமாவும் ஸ்கிப்பரைக் கூட்டிக்கொண்டு போனோம். மாமா நல்ல பாரைமீன் ஒன்றைப் பனையோலையில் சுற்றி எடுத்துவந்திருந்தார். கொட்டகை வெறுமையாய்க் கிடந்தது. டொக்டர் தன் சாமான்களை மோட்டார்சைக்கிளில் கட்டிக்கொண்டிருந்தார்.

"நோய் வருத்தம் ஒண்டும் இல்லாத நாய என்னத்துக்குக் கொண்டுவந்தீங்க?" என்று கத்தினார்.

"சும்மா, உங்களப் பாத்திட்டுப் போகத்தான் டொக்டர்."

"சும்மா வாறத்துக்கு இது என்ன கடற்கரையா?" என்றபடி குனிந்து, ஸ்கிப்பரின் தாடைக்குக் கீழே கையைக் கொடுத்து, அந்தக் காதைப் புரட்டிப் பார்த்தார். பார்த்து முடிந்த பிறகும் கையை எடுக்க அவருக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

அதன்பின் எத்தனையோ பேரிடம் ஏச்சு வாங்கிவிட்டேன். அவர் ஏசினபோது நாய்க்காக ஏசினார் என்பது எனக்குத் தெரியும். அதனால் அந்த ஏச்சு இனித்தது. இப்போது யாராவது என்னை ஏசினால், இவ்வளவுதானா என்று இருக்கிறது.

மாமா பாரையைக் கொடுத்துவிட்டு வாசலுக்குப் போயிருந்தார். அங்கே குந்தியிருந்து, தினமும் செய்கிறதைப்போல, ஸ்கிப்பரின் காது இரண்டையும் ஒவ்வொன்றாய்த் தூக்கி மணந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"டொக்டர், நீங்க போனா, இனி இதுக்கு ஒண்டெண்டா நாங்க ஆரிட்டப் போய்க் கேக்குறது?" என்றேன்.

டொக்டர் வாசலைப் பார்த்தார். மோட்டார்சைக்கிளை உதைத்துக் கிளப்பினார்.

"மாமாட்டக் கேளுங்க."